கையடக்க கேம் பெட்டியும் பயாஸ் பைலும்: கடைக்காரர்கள் அறிய வேண்டியவை



பொம்மை, பேன்சி சாமான், எலக்ட்ரானிக் சில்லறைச் சரக்கு ஆகியவற்றில் வியாபாரம் செய்யும் நம் உறுப்பினர்கள் பலருக்கும் கடந்த சில ஆண்டுகளாக ஒரு புதுச் சரக்கு பழக்கமாகியிருக்கிறது. உள்ளங்கையில் அடங்கும் வீடியோ கேம் பெட்டிதான் அது. பார்வைக்குப் பழைய காலத்து மாதிரி இருக்கும். அட்டையின் மேல் "10,000 கேம்கள் உள்ளே" என்று அச்சடித்திருக்கும். முப்பது, நாற்பது வயதுத் தகப்பன்மார்கள் பிள்ளைக்கு என்று சொல்லித் தங்களுக்கே வாங்கிக்கொண்டு போகிறார்கள். நல்ல ஓட்டமுள்ள சரக்கு என்பதில் சந்தேகமில்லை.

என்னிடம் சரக்கெடுக்கும் வெளியூர்க் கடைக்காரர் ஒருவர், தீபாவளிக் கொள்முதலுக்கு வந்த இடத்தில் ஒரு கேள்வி கேட்டார். "அண்ணாச்சி, இந்தப் பெட்டியில பாதி கேம் ஓடுது, பாதி ஓட மாட்டேங்குது. பயாஸ் பைல் இல்லைன்னு எழுத்து வருது. கஸ்டமர் திருப்பிக் கொண்டாந்து நிக்கிறார். எங்க தெருவுல ஒரு பையன் 200 ரூபாய் வாங்கிக்கிட்டு மெமரி கார்டுல போட்டுத் தர்றான். நாமளும் போட்டுக் குடுத்தா என்ன?"

கேட்பதற்குச் சின்னக் கேள்விதான். ஆனால் பதில் தெரியாமல் இதில் இறங்கினால் 200 ரூபாய்க்காகக் கடையையே பணயம் வைத்தது போல் ஆகிவிடும். பள்ளிப் படிப்போடு கடைக்கு வந்தவன் நான். இருந்தாலும் விற்கிற சரக்கைப் பற்றித் தெரிந்துகொள்ளாமல் விற்பது என் வழக்கமில்லை. கம்ப்யூட்டர் படித்த உறவுப் பிள்ளைகளிடமும் ஒரு வக்கீல் நண்பரிடமும் கேட்டு விளங்கிக்கொண்டதை நம் கடைத்தெரு பாஷையில் இங்கே எழுதுகிறேன்.

ஒரு பெட்டிக்குள் நான்கு சரக்கு

முதலில் ஒன்றை மனதில் வாங்கிக்கொள்ள வேண்டும். நாம் ஒரே விலைக்கு விற்கும் இந்தப் பெட்டிக்குள் நான்கு தனித்தனிச் சரக்குகள் இருக்கின்றன. நான்குக்கும் சொந்தக்காரர்கள் வேறு வேறு.

கையில் பிடிக்கும் கருவி, அதாவது திரை, பட்டன், பேட்டரி ஆகியவை ஒன்று. இது தயாரித்த கம்பெனியின் சரக்கு. காசு கொடுத்து வாங்கி விற்கிறோம். இரண்டாவது எமுலேட்டர் என்னும் சாப்ட்வேர். பழைய பெட்டி ஒன்று எப்படி நடந்துகொள்ளுமோ அப்படியே இந்தப் புதுக் கருவியை நடக்க வைப்பது அதன் வேலை. இதை எழுதுகிறவர்கள் பெரும்பாலும் ஆர்வத்தில் எழுதி இலவசமாக வெளியிடுகிறவர்கள். மூன்றாவது விளையாட்டு. நான்காவதுதான் இந்த பயாஸ்.

இந்த நான்கில் எமுலேட்டர் இலவசம் என்பதால் நான்குமே இலவசம் என்று நம்மவர்கள் நினைத்துக்கொள்கிறார்கள். எமுலேட்டரிலேயே கூட எல்லாம் வியாபாரத்துக்கு விட்டதல்ல. சூப்பர் நிண்டெண்டோ பெட்டிக்கான ஸ்னெஸ் 9 எக்ஸ் என்ற எமுலேட்டர் மிகவும் பெயர் பெற்றது. அதன் உரிமப் பத்திரத்தில், சொந்த உபயோகத்துக்கு இலவசம், வியாபார நோக்கில் பயன்படுத்தக் கூடாது என்று எழுதியிருக்கிறது. கோயிலில் பிரசாதம் இலவசம்தான். அதை வாங்கி வந்து கடையில் எடை போட்டு விற்க முடியுமா?

பயாஸ் என்பது என்ன?

பழைய கேம் பெட்டியின் உள்ளே, கம்பெனியிலேயே எழுதி அடைத்த ஒரு சிப்பு இருக்கும். அதில் உள்ள புரோகிராம்தான் பயாஸ். அதைப் பெட்டியிலிருந்து நகல் எடுத்துக் கம்ப்யூட்டரில் ஒரு பைலாக வைத்தால் அதுவே பயாஸ் பைல்.

நம் கடையில் காலையில் முதலில் வருகிறவர் கணக்குப்பிள்ளை. கதவைத் திறப்பார், விளக்குப் போடுவார், கல்லாவைச் சரிபார்ப்பார். அதன் பிறகு வருகிற ஆட்கள் எல்லாம் எது வேண்டுமானாலும் அவரிடம்தான் கேட்பார்கள். "அந்தக் கட்டை எங்கே வைத்தீர்கள், நேற்றைய பாக்கி எவ்வளவு" என்று கேட்டால் எடுத்துக் கொடுப்பார். பயாஸ் அந்தப் பெட்டிக்குக் கணக்குப்பிள்ளை. கரண்ட் வந்தவுடன் முதலில் எழுந்து மெமரியைச் சரிபார்த்து, கம்பெனி முத்திரையைத் திரையில் காட்டி, தட்டைச் சுழலவிட்டு, விளையாட்டை உள்ளே அழைக்கும். அத்தோடு ஓய்வதில்லை. விளையாட்டு நடந்துகொண்டிருக்கும்போதே "மெமரி கார்டில் எழுது, தட்டிலிருந்து அடுத்த பகுதியைப் படி" என்று விளையாட்டு கேட்கக் கேட்கச் செய்து கொடுத்துக்கொண்டிருக்கும்.

சோனி கம்பெனியின் முதல் பிளேஸ்டேஷனை எடுத்துக்கொள்வோம். 1994 டிசம்பர் 3-ம் தேதி ஜப்பானில் விற்பனைக்கு வந்தது. உலகம் முழுவதும் 10 கோடிக்கு மேல் விற்ற பெட்டி. அதன் பயாஸ் மொத்தமே 512 கிலோபைட். இன்று செல்போனில் எடுக்கும் ஒரு போட்டோவில் கால் பங்கு கூட இருக்காது. அந்தச் சிறிய பைல் இல்லாவிட்டால் பல எமுலேட்டர்கள் பிளேஸ்டேஷன் விளையாட்டைத் திறக்கவே திறக்காது.

எல்லாப் பெட்டிக்கும் பயாஸ் தேவை என்று நினைக்க வேண்டாம். 1990-களில் நம் கடைத்தெருக்களில் டி.வி. கேம் என்று விற்ற கேசட் போடும் பெட்டிகள் நினைவிருக்கும். அவை ஜப்பானில் 1983-ல் வந்த பேமிகாம் என்ற பெட்டியின் வழியில் செய்யப்பட்டவை. அதில் கணக்குப்பிள்ளையே கிடையாது. கேசட்டுக்குள் இருக்கும் புரோகிராமே நேராக இயந்திரத்தை ஆளும். சொந்தமாகக் கடையைத் திறந்து தானே தராசும் பிடிக்கும் ஒற்றையாள் கடை மாதிரி. ஆகவேதான் கைப்பெட்டியில் மரியோ ஓடுகிறது, பிளேஸ்டேஷன் விளையாட்டு ஓட மறுக்கிறது. கஸ்டமர் "பாதி ஓடவில்லை" என்று சொல்வதன் காரணம் இதுதான். சரக்கில் பழுது இல்லை.

தட்டு போட்டு விளையாடும் பெட்டிகள் வந்த பிறகுதான் பயாஸ் பெரிதாயிற்று. சேகா சாட்டர்னுக்கும் 512 கிலோபைட். டிரீம்காஸ்டுக்கு 2 மெகாபைட். 2000-ல் வந்த பிளேஸ்டேஷன் 2-க்கு 4 மெகாபைட். கேம் பாய் அட்வான்ஸ் கேசட் பெட்டிதான், ஆனாலும் அதற்கும் 16 கிலோபைட்டில் ஒன்று உண்டு.

கடைக்கு வரும் புகார்கள்

பைலைத் தானே தேடிப் போட்டுக்கொண்டு, பிறகும் ஓடவில்லை என்று நம்மிடம் வருகிறவர்கள் உண்டு. அவர்களுக்குப் பதில் சொல்லத் தெரிந்திருந்தால் வீண் ரிட்டன் தவிர்க்கலாம்.

பெரும்பாலும் பெயர்தான் தகராறு. எமுலேட்டர் எந்தப் பெயரில் பைலைத் தேடுகிறதோ அந்தப் பெயரிலேயே, அது சொல்லும் போல்டரிலேயே இருக்க வேண்டும். இந்தக் கைப்பெட்டிகளில் பல லினக்ஸ் என்ற சாப்ட்வேரில் ஓடுகின்றன. லினக்ஸுக்கு ஆங்கிலப் பெரிய எழுத்தும் சின்ன எழுத்தும் வேறு வேறு. பெயர் ஒன்றாக இருந்தாலும் எழுத்து மாறினால் "பைல் இல்லை" என்றே சொல்லும். அடுத்தது நாடு. பிளேஸ்டேஷன் பயாஸ் ஜப்பானுக்கு ஒன்று, அமெரிக்காவுக்கு ஒன்று, ஐரோப்பாவுக்கு ஒன்று. முதலில் வந்த பெட்டிகளில் எஸ்.சி.பி.எச். 1000 ஜப்பான், 1001 அமெரிக்கா, 1002 ஐரோப்பா. ஒரு நாட்டு விளையாட்டுக்கு இன்னொரு நாட்டு பயாஸைக் கொடுத்தால் சில எமுலேட்டர்கள் ஏற்றுக்கொள்ளும், சில கறுப்புத் திரையோடு நின்றுவிடும்.

மூன்றாவது, பைலே சரியில்லாமல் இருப்பது. பிளேஸ்டேஷன் பயாஸ் என்றால் கணக்காக 5,24,288 பைட் இருக்க வேண்டும். ஒரு பைட் கூடினாலும் குறைந்தாலும் அது முறையான நகல் அல்ல. அளவு சரியாக இருந்து உள்ளே கெட்டுப்போயிருந்தால் அதைக் கண்டுபிடிக்க எம்.டி. 5 என்று ஒரு கணக்கு இருக்கிறது. பைலில் உள்ள அத்தனையையும் கூட்டிக் கழித்து 32 எழுத்து கொண்ட ஒரு குறி கொடுக்கும். உள்ளே ஒரு புள்ளி மாறினாலும் குறி அடையாளம் தெரியாமல் மாறிவிடும். பேரேட்டில் ஒரு பைசா உதைத்தால் ஐந்தொகை நேராகாது என்பது போலத்தான்.

இவ்வளவையும் கஸ்டமருக்கு விளக்கிச் சொல்லலாம். சொல்வதில் தவறில்லை. பைலை நாம் கொடுப்பதுதான் வேறு விஷயம்.

கம்ப்யூட்டர் வியாபாரத்தில் நடந்த கதை

பயாஸ் யாருக்குச் சொந்தம் என்ற வழக்கு கேம் பெட்டியில் ஆரம்பித்ததல்ல. 1981-ல் ஐ.பி.எம். தன் பர்சனல் கம்ப்யூட்டரை வெளியிட்டது. உள்ளே உள்ள சிப்புகள் பெரும்பாலும் கடையில் கிடைப்பவைதான். ஐ.பி.எம்.முக்கே உரியதென்று உள்ளே இருந்தவற்றில் முக்கியமானது பயாஸ். அதன் புரோகிராமை ஐ.பி.எம். தன் தொழில்நுட்பக் கையேட்டில் அச்சடித்தே வெளியிட்டிருந்தது. அச்சில் இருக்கிறதே, எடுத்துக்கொள்ளலாம் என்று நினைத்தவர்களுக்குத்தான் சிக்கல் வந்தது. பயாஸை நகல் எடுத்ததாக கரோனா டேட்டா சிஸ்டம்ஸ், ஈகிள் கம்ப்யூட்டர் என்ற இரண்டு கம்பெனிகள் மீது 1984-ல் ஐ.பி.எம். வழக்குப் போட்டது. இரண்டும் சமாதானமாகப் போய், அந்தப் பயாஸை நிறுத்தின.

காம்பாக் கம்பெனி வேறு வழியில் போனது. ஒரு குழு ஐ.பி.எம். பயாஸைப் படித்து, "இது கேட்டால் இது தர வேண்டும்" என்று என்னென்ன வேலை என்பதை மட்டும் எழுதிக் கொடுத்தது. அந்தப் பயாஸைக் கண்ணாலும் பார்க்காத இன்னொரு குழு, அந்தக் குறிப்பை மட்டும் வைத்துக்கொண்டு புதிதாக எழுதியது. வேலை ஒன்று, எழுத்து வேறு. இப்படிச் செய்த காம்பாக் போர்ட்டபிள் 1982 நவம்பரில் அறிவிக்கப்பட்டது. 1984-ல் பீனிக்ஸ் என்ற கம்பெனி இதே முறையில் ஒரு பயாஸ் எழுதி, கேட்டவர்களுக்கெல்லாம் விற்க ஆரம்பித்தது. அதன் பிறகுதான் யார் வேண்டுமானாலும் உதிரிபாகம் வாங்கிக் கம்ப்யூட்டர் பூட்டலாம் என்ற நிலை வந்தது. சென்னை ரிச்சி தெருவில் கம்ப்யூட்டர் அசெம்பிள் செய்து பிழைத்த நம்மவர்கள் பலர் பீனிக்ஸ் பெயரைத் திரையில் பார்த்திருப்பார்கள். அந்தப் பெயருக்குப் பின்னால் இருந்தது இந்தக் கதை.

கணக்குப்பிள்ளை உதாரணத்தில் சொன்னால், அடுத்த கடைக் கணக்குப்பிள்ளை செய்யும் வேலைகளைத் தெரிந்துகொண்டு நம் பிள்ளை ஒருவரைப் பழக்கிவிடலாம். அடுத்த கடைப் பேரேட்டைத் தூக்கிக்கொண்டு வரக் கூடாது.

வழக்கில் ஜெயித்தவர்கள் என்ன ஆனார்கள்?

கேம் பெட்டிக்கு வந்தால், இதே கேள்வி 1999-ல் அமெரிக்காவில் எழுந்தது. கனெக்டிக்ஸ் என்ற கம்பெனி, ஆப்பிள் மேக்கின்டாஷ் கம்ப்யூட்டரில் பிளேஸ்டேஷன் தட்டுகளைப் போட்டு விளையாடும்படி வர்ச்சுவல் கேம் ஸ்டேஷன் என்ற எமுலேட்டரை அந்த ஆண்டு ஜனவரியில் வெளியிட்டது. விலை 49 டாலர். அவர்கள் ஒரு பிளேஸ்டேஷனைக் கடையில் விலைக்கு வாங்கி, அதன் சிப்பிலிருந்து பயாஸை நகல் எடுத்து, தங்கள் வேலை முடியும்வரை அதை ஓடவிட்டுப் பார்த்துப் பார்த்துக் கற்றுக்கொண்டார்கள். ஆனால் விற்பனைக்கு வந்த சரக்கில் சோனியின் எழுத்து ஒன்று கூட இல்லை. எல்லாம் தாங்களே எழுதியது.

சோனி வழக்குப் போட்டது. கீழ்க்கோர்ட்டு தடை கொடுத்தது. மேல்முறையீட்டில் ஒன்பதாவது வட்டாரக் கோர்ட்டு 2000 பிப்ரவரி 10-ம் தேதி அந்தத் தடையை நீக்கியது. பயாஸ் என்ன வேலை செய்கிறது என்பதை அறிந்துகொள்ள இடையில் நகல் எடுத்தது நியாயமான உபயோகமே என்று தீர்ப்புச் சொன்னது. எமுலேட்டர் செய்வதே குற்றம் என்ற பேச்சு அமெரிக்காவில் அத்தோடு அடங்கியது.

அதே சமயம் பிளீம் என்று இன்னொரு சிறு கம்பெனி, சாதாரண கம்ப்யூட்டருக்கு பிளேஸ்டேஷன் எமுலேட்டர் விற்றது. சோனி அவர்கள் மீதும் வழக்குப் போட்டது. விளம்பரத்தில் சோனி விளையாட்டின் படத்தைப் பக்கத்தில் வைத்து ஒப்பிட்டுக் காட்டியதும் அதில் ஒரு பிரச்சினை. 2000 மே மாதம் அந்த மேல்முறையீட்டிலும் பிளீமுக்குச் சாதகமாகவே தீர்ப்பு வந்தது.

ஆனால் வியாபாரி இதை வேறு கண்ணால் பார்க்க வேண்டும். பிளீம் 2001 நவம்பரில் கடையை மூடியது. வழக்கு வழக்காகத் தொடர்ந்து வந்த வக்கீல் செலவைத் தாங்க முடியவில்லை. கனெக்டிக்ஸின் எமுலேட்டரை 2001-ல் சோனியே விலைக்கு வாங்கி, விற்பனையை நிறுத்திவிட்டது. தீர்ப்பில் ஜெயித்த இரண்டு சரக்கும் சந்தையில் இல்லாமல் போயின. கோர்ட்டு வாசலில் நிற்கும் ஒவ்வொரு நாளும் கடை பூட்டியிருக்கிறது என்பது நம் உறுப்பினர்களுக்குச் சொல்லித் தெரிய வேண்டியதில்லை.

இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். அந்தத் தீர்ப்புகளை மேற்கோள் காட்டி "பயாஸ் கொடுப்பது சட்டப்படி சரி" என்று சொல்கிறவர்கள் இருக்கிறார்கள். தீர்ப்பு அப்படிச் சொல்லவில்லை. விற்ற சரக்கில் சோனியின் பயாஸ் இல்லாததால்தான் கனெக்டிக்ஸ் தப்பியது. நம் தெருப் பையன் 200 ரூபாய்க்குப் போட்டுக் கொடுப்பது சோனியின் பயாஸையே.

நம் நாட்டுச் சட்டம்

1957-ம் ஆண்டு பதிப்புரிமைச் சட்டத்தில், கம்ப்யூட்டர் புரோகிராமும் ஓர் இலக்கியப் படைப்பாகவே 1984 திருத்தத்திலிருந்து கருதப்படுகிறது. கம்ப்யூட்டர் என்பதற்கு அந்தச் சட்டம் சொல்லும் விளக்கத்தில், தகவலைக் கையாளும் எந்த எலக்ட்ரானிக் கருவியும் அடங்கும். ஆகவே "இது பொம்மைதானே" என்ற வாதம் எடுபடாது. வெளிநாட்டுக் கம்பெனியின் புரோகிராமுக்கும் சர்வதேச ஒப்பந்தத்தின்படி இங்கே பாதுகாப்பு உண்டு. முப்பது வருஷம் ஆன பழைய பைல், கம்பெனியே மறந்திருக்கும் என்கிறார்கள். பதிப்புரிமைக் காலத்தை எப்படிக் கணக்கிட்டாலும் 60 ஆண்டுக்குக் குறையாது. 1994-ல் வந்தது நம் பேரன்மார் கடையில் உட்காரும் காலத்திலும் கம்பெனிக்குச் சொந்தமாகத்தான் இருக்கும். கம்பெனி பெட்டியை விற்பதை நிறுத்திவிட்டதால் உரிமை போய்விடுவதில்லை.

51-வது பிரிவின்படி, உரிமை மீறிய நகலை விற்பது மட்டுமல்ல, விற்பனைக்குக் காட்சியில் வைப்பதும் மீறல்தான். 63-வது பிரிவில் தெரிந்து மீறுவதற்குத் தண்டனை 6 மாதம் முதல் 3 ஆண்டு வரை சிறை, 50,000 ரூபாய் முதல் 2 லட்சம் வரை அபராதம். 64-வது பிரிவின்படி சப்-இன்ஸ்பெக்டரும் அதற்கு மேற்பட்டவரும் வாரண்டு இல்லாமலே சரக்கைக் கைப்பற்றலாம். இது ஜாமீனில் விடத்தக்க குற்றமா இல்லையா என்று வெகு காலம் கோர்ட்டுகளில் இரு கருத்து இருந்தது. 2022 மே 20-ம் தேதி சுப்ரீம் கோர்ட்டு இதை முடித்துவைத்தது. 63-வது பிரிவுக் குற்றம் போலீஸ் நேரடியாக நடவடிக்கை எடுக்கக்கூடியது, ஜாமீனை உரிமையாகக் கேட்க முடியாதது என்பது அந்தத் தீர்ப்பு. நம்மில் பலருக்கு இது இன்னும் தெரியாது என்பதால்தான் அழுத்திச் சொல்கிறேன்.

அப்படியானால் பயாஸை யாருமே வைத்துக்கொள்ளக் கூடாதா என்றால், அதுவும் இல்லை. இங்கேதான் வாங்குகிறவருக்கும் விற்கிறவருக்கும் உள்ள வித்தியாசம் வருகிறது. அதே சட்டத்தின் 52-வது பிரிவு சில விதிவிலக்குகளைச் சொல்கிறது. முறையாக வாங்கிய புரோகிராம் கெட்டுப்போகாமலிருக்க மாற்று நகல் எடுத்து வைக்கலாம். 1999-ல் வந்த திருத்தம் இன்னும் இடம் கொடுத்தது. ஒருவர் தன்னிடம் முறையாக உள்ள புரோகிராமை, வியாபார நோக்கமில்லாத சொந்த உபயோகத்துக்கு நகல் எடுக்கலாம். தனியே எழுதும் ஒரு புரோகிராம் மற்றொன்றோடு இசைந்து வேலை செய்வதற்குத் தேவையான தகவலை, வேறு வழியில் கிடைக்காதபோது, ஆராய்ந்து எடுக்கவும் வழி உண்டு.

ஆகவே, வீட்டில் பழைய பிளேஸ்டேஷன் வைத்திருக்கும் ஒருவர் அதன் பயாஸைத் தானே எடுத்துத் தன் கைப்பெட்டியில் போட்டுக்கொண்டால், அவர் பக்கம் நிற்க ஒரு சட்டப் பிரிவு இருக்கிறது. பெயர் பெற்ற எமுலேட்டர் எழுதுகிறவர்களும் இதைத்தான் சொல்கிறார்கள். பிளேஸ்டேஷன் 2-க்கான பி.சி.எஸ்.எக்ஸ். 2 எமுலேட்டரோடு பயாஸ் தருவதில்லை. உங்கள் சொந்தப் பெட்டியிலிருந்து எடுத்துக்கொள்ளுங்கள் என்று எடுக்கும் முறையைச் சொல்லிக்கொடுக்கிறார்கள். நாம் காசு வாங்கிக்கொண்டு போட்டுக் கொடுக்கும்போது "வியாபார நோக்கமில்லாத" என்ற வார்த்தை நம்மை வெளியே தள்ளிவிடுகிறது. கஸ்டமர் தன் பெட்டியையே கொண்டுவந்து "எடுத்துக் கொடுங்கள், கூலி தருகிறேன்" என்று கேட்டாலும் நான் செய்ய மாட்டேன். அவருக்குள்ள விலக்கு கூலி வாங்குகிற நமக்கும் உண்டா என்பதைத் தன் கடையை வைத்துச் சோதித்துப் பார்க்க யாருக்கும் அவசியமில்லை.

நேர் வழியில் கிடைப்பவை

சொந்தக்காரரே மனமுவந்து விட்டுக்கொடுத்ததும் உண்டு. இங்கிலாந்தில் ஸ்பெக்ட்ரம் என்ற வீட்டுக் கம்ப்யூட்டர் 1980-களில் பிரபலம். அதை வாங்கியிருந்த ஆம்ஸ்டிராட் கம்பெனி 1999-ல், பதிப்புரிமை வாசகத்தை மாற்றாமலிருந்தால் எமுலேட்டரோடு சேர்த்துக் கொடுக்கலாம் என்று அனுமதித்தது. அமிகா கம்ப்யூட்டரின் பயாஸ் போன்ற கிக்ஸ்டார்ட்டை உரிமம் பெற்று, அமிகா பாரெவர் என்ற பெயரில் குளோவாண்டோ என்ற கம்பெனி 1997 முதல் விலைக்கு விற்கிறது.

கணக்குப்பிள்ளையைப் புதிதாகப் பழக்கும் வேலையையும் ஆர்வலர்கள் விடவில்லை. எம்.எஸ்.எக்ஸ். கம்ப்யூட்டருக்கு சி-பயாஸ் என்று ஒன்றைச் சொந்தமாக எழுதி இலவசமாகக் கொடுத்திருக்கிறார்கள். கேம் பாய் அட்வான்ஸுக்கான எம்.ஜி.பி.ஏ. எமுலேட்டர் தனக்குள்ளேயே மாற்று பயாஸ் வைத்திருக்கிறது. கம்பெனி பைல் இல்லாமலே பெரும்பாலான விளையாட்டுகள் ஓடும். பிளேஸ்டேஷனுக்கு பி.சி.எஸ்.எக்ஸ். ரீஆர்ம்டு என்ற எமுலேட்டரிலும் அப்படி ஒன்று உண்டு. சில விளையாட்டுகளில் தடுமாறும், அவ்வளவுதான். இதில் ஒரு வேடிக்கை. எமுலேட்டர்காரர்களைக் கோர்ட்டுக்கு இழுத்த சோனியே 2018 டிசம்பரில் பிளேஸ்டேஷன் கிளாசிக் என்று 20 விளையாட்டுகளோடு ஒரு சின்னப் பெட்டி வெளியிட்டபோது, உள்ளே வைத்தது இந்த ரீஆர்ம்டு எமுலேட்டரைத்தான். உரிமப்படி யாரும் பயன்படுத்தலாம் என்பதால் அதில் தவறொன்றும் இல்லை.

உரிமத்தோடு விளையாட்டு ஏற்றி வரும் பெட்டிகளும் உலகச் சந்தையில் இருக்கின்றன. 2020-ல் வந்த எவர்கேட் அப்படிப்பட்டது. அதற்கான கேசட் ஒவ்வொன்றும் விளையாட்டுக் கம்பெனிகளிடம் உரிமம் வாங்கிச் செய்தது. விலை கூடுதல், ஆயிரக்கணக்கில் கேம் இராது.

கொள்முதலின்போது

ஆகவே இந்தச் சரக்கை எடுக்கவே கூடாது என்று நான் சொல்லவில்லை. வெறும் கருவியாக எடுக்கலாம். சப்ளையரிடம் மெமரி கார்டு இல்லாமல் அல்லது காலிக் கார்டோடு அனுப்பச் சொல்ல வேண்டும். "கேம் இல்லாமல் வராது" என்று சொல்கிறவரிடம் எடுக்க வேண்டாம். மாதிரிப் பெட்டி ஒன்றைப் பிரித்து, கார்டைக் கம்ப்யூட்டரில் போட்டு, பயாஸ் என்ற போல்டருக்குள் என்ன இருக்கிறது என்று பாருங்கள். காலியாக இருந்தால் நல்லது. பயாஸ் பைல்கள் வரிசையாக இருந்தால் 10,000 கேமும் எப்படி வந்திருக்கும் என்று ஊகித்துக்கொள்ளலாம்.

கருவியிலும் பார்க்க வேண்டியது உண்டு. 2012-ல் வந்த எலக்ட்ரானிக் பொருட்கள் கட்டாயப் பதிவு ஆணையிலேயே வீடியோ கேம் கருவிகள் சேர்க்கப்பட்டிருக்கின்றன. இந்தியத் தர நிர்ணய அமைவனத்தின் பதிவு எண்ணும் முத்திரையும் கருவியில் இருக்க வேண்டும். இறக்குமதி செய்தவர் பெயர், விலாசம், அதிகபட்ச சில்லறை விலை ஆகியவை அட்டையில் இருக்கின்றனவா என்று பாருங்கள். பில் இல்லாமல் வருவதைத் தொட வேண்டாம்.

விற்கும்போது பில்லில் "கையடக்க கேம் கருவி, மெமரி கார்டு காலி, பயாஸும் விளையாட்டும் சேராது" என்று ஒரு வரி எழுதிக் கொடுத்துவிடுங்கள். என்னிடம் கேட்ட வெளியூர்க் கடைக்காரர் இதை ரப்பர் ஸ்டாம்பாகவே செய்துவைத்திருக்கிறார். பாதி ஓடவில்லை என்று திரும்பி வந்த கஸ்டமரிடம் வீட்டில் பழைய பிளேஸ்டேஷன் இருக்கிறதா என்று விசாரித்திருக்கிறார். இருந்ததாம், பரணில்.